சாப்பிட்ட பிறகு சொல்லலாம்

வீட்டில் தொலைபேசி வைத்திருப்பது எத்தனை பெரிய தலையிடி என்பதை அரியரத்தினத்திடம்தான் கேட்க வேண்டும். சிட்னியில், பென்டில் ஹில்லில் அவர் குடியிருந்த மூன்று மாடிக் கட்டடத்தில் போன் இருந்தது அவர் வீட்டில் மட்டும். கட்டடத்தில் உள்ள அத்தனை பேரும் அவருடைய இலக்கத்தை ஊர் உலகமெல்லாம் கொடுத்துவைத்திருந்தார்கள். பிள்ளை பிறந்தாலும் மணி அவர் வீட்டில்தான் அடிக்கும், வேலை போனாலும் அங்கேதான் அடிக்கும். குளிர்சாதனப்பெட்டித் தொழிற்சாலையில் கிழமை முழுவதும் நின்றே வேலை செய்கிற மனிதர், விடுமுறை நாளிலாவது காலை நீட்டிப் படுக்க விடுகிறார்களா என்றால் அதுவும் இல்லை.

எழுபத்தேழாம் ஆண்டு ஜனவரி கடைசி, ஆஸ்திரேலியா நாள் விடுமுறைத் திங்கட்கிழமை. விடிந்ததும் விடியாததுமாக மணி அடித்தது. கெய்ரோவிலிருந்து. மேல்மாடி ஹலீமின் தம்பி.

"ஹலீமைக் கூப்பிடுகிறேன், வையாமல் நில்லுங்கள்" என்றார் அரியரத்தினம்.

"வேண்டாம்! கூப்பிட வேண்டாம். நீங்களே அண்ணனுக்குச் சொல்லுங்கள். என்னால் முடியாது" என்று அந்தக் குரல் உடைந்தது.

ஹலீமின் ஒரே மகன் நபீல் செத்துப்போனான். பாண், சீனி விலை ஏறியதற்காகக் கெய்ரோ கொந்தளித்த இரண்டாம் நாள் துப்பாக்கிச் சூடு பட்டு விழுந்தவனை, பொலிஸ் நிலையம், ஆஸ்பத்திரி என்று தேடித் தேடிக் கடைசியில் பிண அறையில் கண்டுபிடித்திருக்கிறார்கள். நேற்று அடக்கமும் முடிந்துவிட்டது.

அரியரத்தினம் போனை வைத்துவிட்டு அப்படியே கதிரையில் இருந்துவிட்டார். அந்த மாதம் கிரான்வில்லில் பாலம் ரயிலின் மேல் விழுந்து எண்பதுக்கு மேற்பட்ட சனம் செத்திருந்தது. சிட்னிப் பத்திரிகைகளில் கிழமைக்கணக்காக அதுதான். கெய்ரோச் செய்தி உள்பக்கத்தில் ஒரு மூலையில் கிடந்தது. அந்த மூலையையும் ஹலீம் கத்தரித்து வைத்திருந்தார் என்பது அரியரத்தினத்துக்குத் தெரியும்.

"ஐயோ, அந்த மனிசனுக்கு மனிசியும் இல்லையே!" என்று சிவனேஸ்வரி வாயைப் பொத்தினாள். கணவர் சேர்ட்டை மாட்டிக்கொண்டு கிளம்பியதைக் கண்டதும் குறுக்கே வந்து நின்றாள். "இஞ்சேருங்கோ, எங்கை போறியள்?"

"சொல்லத்தான்."

"வெறுவயித்தோடை இருக்கிற மனிசனுக்குச் செத்த செய்தி சொல்லுறதோ? சொன்னால் பிறகு அந்த ஆள் தொண்டைக்குள்ளை ஒரு வாய் இறங்குமே? முதல்லை இஞ்சை கூட்டிக்கொண்டு வாங்கோ. சாப்பிடட்டும். பிறகு சொல்லலாம்."

அரியரத்தினம் நின்றுவிட்டார். யாழ்ப்பாணத்தில் எவரும் அப்படித்தான் செய்வார்கள். மரணச் செய்தி கொண்டுவருகிறவன் வாசல் படலையிலேயே நின்று, வீட்டார் சாப்பிட்டாயிற்றா என்று சாடையாக விசாரித்துவிட்டுத்தான் வாயைத் திறப்பான். இதில் யோசிக்க என்ன இருக்கிறது?

அதற்குள் கதவைத் தட்டியது ஹலீமே. ஐம்பது வயது, வழுக்கை, பள்ளிக்கூட வாத்தியாருக்கே உரிய குரல். அவருடைய ஊரான மின்யாவில் புவியியல் படிப்பித்தவர். இங்கே அரியரத்தினத்தோடு ஒரே தொழிற்சாலையில் பெட்டி அடுக்குகிறார்.

"ரத்தினம், கட்டில் வந்துவிட்டது! கீழே வைத்துவிட்டு வான்காரன் ஓடிவிட்டான். ஒரு கை கொடு" என்றார் தன் நேர்த்தியான ஆங்கிலத்தில். முகமெல்லாம் சிரிப்பு. மகனுக்கு விசா வந்திருந்தது. அடுத்த மாதம் பையன் வருகிறான் என்று கட்டடம் முழுக்கச் சொல்லியாயிற்று.

"முதலில் சாப்பிடு. பிட்டு இருக்கிறது" என்றார் அரியரத்தினம். தன் குரல் தனக்கே அந்நியமாகக் கேட்டது.

"இன்றைக்கா? இன்று எங்களுக்கு நினிவே நோன்பு தொடங்குகிறது. மூன்று நாள். பின்னேரம் வரைக்கும் தண்ணீரும் இல்லை." ஹலீம் கொப்டிக் கிறிஸ்தவர். நோன்பென்றால் நோன்புதான்.

அரியரத்தினம் பிட்டு அவித்த குசினியின் வாசலைப் பார்த்தார். சிவனேஸ்வரி கண்ணாலேயே சொன்னாள்: அப்ப பின்னேரம்.

கட்டில் கனமான மரக்கட்டில். மூன்று மாடியும் திருப்பத்துக்குத் திருப்பம் இடித்து இடித்து ஏற்றினார்கள். அரியரத்தினத்தின் முழங்கால் கெஞ்சியது. செத்தவனுக்குக் கட்டில் சுமக்கிறோம் என்ற நினைப்பு வேறு. முன்னால் பிடித்திருந்த ஹலீமோ மூச்சு வாங்க வாங்கப் பேச்சை விடவில்லை.

"பாஷா என்கிற பெரிய நிலக்காரனிடம் எங்கள் குடும்பம் மூன்று தலைமுறையாகக் கூலி. ராஜாவைத் துரத்திவிட்டுப் பட்டாளத்துக்காரர்கள் அந்த நிலத்தில் மூன்று ஏக்கர் என் அப்பாவுக்குக் கொடுத்தார்கள். அன்றைக்கு அவர் மண்ணை அள்ளித் தலையில் போட்டுக்கொண்டு அழுதார், ரத்தினம். என்னைக் காசு வாங்காமல் படிப்பித்தார்கள், வேலை கொடுத்தார்கள். நபீல் பிறந்தது, கப்பல் கால்வாயை வெள்ளைக்காரனிடமிருந்து பிடுங்கி எங்களுடையதாக்கிய ஆண்டு. சரி, இந்தப் பக்கம் சரி, மெதுவாக."

கட்டிலை அறையில் இறக்கி வைத்தார்கள். ஹலீம் அதன் விளிம்பில் இருந்து முகத்தைத் துடைத்துக்கொண்டார்.

"பிறகு எல்லாம் மாறிவிட்டது. வெளிநாட்டு முதலுக்குக் கதவைத் திறக்கிறோம் என்றார்கள். திறந்த கதவால் பணக்காரன் உள்ளே வந்தான், என்னைப் போன்ற வாத்தியார் வெளியே வந்தான். உன்னிடம் உன் நாட்டில், சிங்களம் படி, இல்லாவிட்டால் வேலையை விட்டு வீட்டுக்குப் போ என்றார்கள். நாம் இரண்டு பேரும் இங்கே பெட்டி அடுக்குகிறோம்." சிரித்தார். "ஆனால் பார், இந்த மாதம் ஒரே இரவில் பாண் விலை, சீனி விலை ஏற்றினார்கள். பையன்கள் தெருவில் இறங்கினார்கள். இரண்டே நாளில் விலையைக் குறைத்துவிட்டார்கள்! நாங்கள், மேலே இருப்பவன் கொடுத்ததற்குக் கைதட்டின ஆட்கள். இந்தப் பையன்கள் கேட்டு வாங்கியவர்கள். நபீலும் நிச்சயம் போயிருப்பான். என் மகன் வீட்டில் இருக்கிற ஆளில்லை."

இப்போதே சொல்லிவிடு, சொல்லிவிடு என்று அரியரத்தினத்துக்குள் ஒன்று இடித்துக்கொண்டே இருந்தது. வாயைத் திறந்தார். ஹலீமின் காய்ந்து வெடித்த உதட்டைப் பார்த்தார். மூடிக்கொண்டார். மனிதன் ஒரு சொட்டுத் தண்ணீர் குடிக்கவில்லையே!

நாள் முழுவதும் அப்படியே போயிற்று. மெத்தை போட்டார்கள். சன்னலுக்குத் திரை அடித்தார்கள். வெயிலென்றால் சொல்லி வேலையில்லை. ஹலீம் அரபியில் ஏதோ பாடிக்கொண்டே சுவரைத் துடைத்தார். மேசையை இந்தச் சுவரோடு போடுவோமா, அந்தச் சுவரோடா என்று அவர் கேட்டதற்கு, "வெளிச்சம் வருகிற பக்கம் போடு, படிக்கிற பிள்ளை" என்று அரியரத்தினம் தன்னையறியாமல் சொல்லிவிட்டார். சொன்ன பிறகு திரும்பிச் சன்னல் திரையை இழுத்து இழுத்துச் சரிசெய்தார்.

பின்னேரம் சிவனேஸ்வரி சோறும் பருப்பும் கத்தரிக்காய்க் குழம்பும் வைத்திருந்தாள். நோன்புக்காரன் என்று நெய்யும் தயிரும் தொடாத சமையல். ஹலீம் சிலுவை போட்டுவிட்டு ஆசையோடு சாப்பிட்டார். மறுபடி கேட்டு வாங்கிச் சாப்பிட்டார். "இதை நபீலுக்கு ஒருநாள் செய்துகொடுக்க வேண்டும்" என்றார். சிவனேஸ்வரி குசினிக்குள் ஓடிவிட்டாள்.

கை கழுவிவிட்டு வந்து உட்கார்ந்தவரிடம் அரியரத்தினம் சொன்னார். இரண்டே வசனம். அதற்கு மேல் அவராலும் முடியவில்லை.

ஹலீம் அழவில்லை.

"எப்போது போன் வந்தது?"

"காலையில்."

"காலையில்" என்று ஹலீம் திருப்பிச் சொன்னார். "கட்டில் ஏற்றுவதற்கு முன்னாலா?"

"ஓம். நீ சாப்பிடேல்லை எண்டுதான்…" அரியரத்தினத்துக்கு ஆங்கிலமே வரவில்லை. பிறகு தட்டுத் தடுமாறி விளக்கினார்: எங்கள் ஊரில் இப்படித்தான், பட்டினியாக இருக்கிறவனுக்குச் சொல்ல மாட்டோம், உன் நன்மைக்காகத்தான்.

ஹலீம் தலையாட்டினார். கோபம்கூட இல்லை, களைத்துப்போன குரல்.

"அறுபத்தேழில் யுத்தம் வந்தபோது எங்கள் ரேடியோ நாட்கணக்காகச் சொன்னது, நாங்கள் வெல்கிறோம், எதிரியின் விமானமெல்லாம் விழுகிறது என்று. நான் மாணவர்களைக் கூட்டிக்கொண்டு தெருவில் இறங்கி ஆடினேன், ரத்தினம். அந்த நேரத்தில் சினாய் மணலில் எங்கள் பையன்கள் தண்ணீரில்லாமல் செத்துக்கொண்டிருந்தார்கள். பிறகு கேட்டால், உங்கள் மனம் உடையக் கூடாதென்று உங்கள் நன்மைக்காகத்தான் சொன்னோம் என்றார்கள்." எழுந்தார். "இனி ஒருவரும் என்னை அப்படி ஆட வைக்க முடியாது என்று நினைத்துத்தான் இந்த நாட்டுக்கு வந்தேன். இன்றைக்கு முழுநாளும் நீ என்னை ஆட விட்டாய்."

சாப்பாட்டுக்கு நன்றி என்று சிவனேஸ்வரியிடம் சொல்லிவிட்டு ஹலீம் கைப்பிடியைப் பற்றிப் பற்றி மேலே ஏறினார். அரியரத்தினமும் வலிக்கும் முழங்காலோடு பின்னால் போனார். மேல்மாடிக் கதவு அவர் முகத்துக்கு முன்னால் சாத்திக்கொண்டது. அவர் தட்டவில்லை. கீழே இறங்கவும் மனம் வராமல் அந்தப் படியிலேயே இருந்துகொண்டார்.