ஓஸ்ட் என்ற சொல்

மகள் ஆலிவ் நீட்டிய நோட்டை தர்ஸா சூளை வெளிச்சத்தில் பிடித்துப் பார்த்தாள். ‘என் அம்மா ஓஸ்ட்டில் வேலை பார்க்கிறாள்’ என்ற வரியில் ஓஸ்ட் சிவப்பு மையால் அடிக்கப்பட்டிருந்தது. ஓரத்தில் புது வாத்தியார் பென்ஃபோல்ட் எழுதியிருந்தார்: ‘ரோஸ்ட் என்பதன் கொச்சை. படிக்காதவர்கள் வாயில் முதல் எழுத்தான ‘ஆர்’ உதிர்ந்துவிட்டது.’

தர்ஸாவுக்குக் காது சூடேறியது. பீருக்குக் கசப்பும் வாசமும் தரும் ஹாப்ஸ் பூவை உலர்த்துகிற அந்த வட்டச் சூளையைக் கென்ட் பக்கத்தில் எல்லோரும் ஓஸ்ட் என்றுதான் சொன்னார்கள். அதைப் பார்த்துக்கொண்டிருந்த கணவன் ஜெஸ்ஸி போன வருஷம் பிரான்சுக்குப் போருக்குப் போனதும், “பொம்பள உலர்த்தின பூவ எவன் வாங்குவான்?” என்று மூட்டை கட்டும் ரெல்ஃப் சிரித்தார். ஒரே ஒரு சூளை அளவு பூவை உலர்த்திக் காட்டுகிறேன் என்று அவள் நின்றாள். அதை முகர்ந்து பார்த்த பீர் ஆலைக்காரர் இன்னும் இருக்கிறதா என்று கேட்டார். பிறகு யாரும் சிரிக்கவில்லை.

“வாத்தியார வரச் சொல்லு. நெருப்ப விட்டுட்டு என்னால வர முடியாது” என்றாள் ஆலிவிடம்.

ஹாப்ஸ் பறிப்புக்காகப் பள்ளிக்கூடம் மூடிய மறுநாள் பென்ஃபோல்ட் வந்தார். பூவின் நிறத்துக்காக நெருப்பில் போடும் கந்தகத்தின் புகையில் கண் கலங்க, மேல்தளத்துக்கு ஏறினார். கீழிருந்து சூடு ஏறுவதற்காக விரித்த குதிரைமயிர்த் துணி மேல் முழங்கால் உயரத்துக்குப் பூ பரந்து கிடந்தது.

“கைய உள்ள விடுங்க சார். வறுத்த மாதிரி இருக்கா?”

“இல்ல. வெதுவெதுன்னு இருக்கு.”

“ரோஸ்ட்டுன்னா வறுக்கிறது. இதுல கொஞ்சம் கருகினாலும் மொத்தமும் குப்பை. வறுபடாம பாத்துக்கிறதுதான் சார் என் வேலையே.”

“அப்ப ஓஸ்ட்டுன்னா என்ன அர்த்தம்?”

தர்ஸாவுக்குத் தெரியவில்லை. அதுதான் சுருக்கென்றது. “தெரியாது. ஆனா கொச்சையில்ல. நீங்கதான படிச்சவரு, கண்டுபிடிங்க.”

அவர் நேர்மையானவர். தன் பழைய பேராசிரியருக்கு எழுதிப் போட்டார். இரண்டு வாரம் கழித்து, கூப்பிடாமலே படியேறி வந்து, ரெல்ஃபும் ஆலிவும் கேட்க, பதில் கடிதத்தை உரக்கப் படித்தார். ரோஸ்ட்டுக்கும் இதற்கும் சம்பந்தமில்லை. ஆயிரம் வருஷத்துக்கு முன்பே சூளைக்கு இங்கே இதுதான் பெயர். எரிதல் என்பது அதன் வேர். கடலுக்கு அக்கரையில் டச்சுக்காரர்களிடமும் இதன் உடன்பிறப்பு ஒன்று உண்டு. ஹாப்ஸ் பயிரிடுவது இந்த நாட்டுக்கு வந்து நானூறு வருஷம்தான் ஆகிறது.

“அப்ப பயிருக்கு முன்னாடியே எங்க பேரு வந்திருச்சா?” என்று கேட்டாள் தர்ஸா.

“ஆமாங்க. தப்பு என்னோடது. பள்ளிக்கூடம் திறந்ததும் போர்டுல எழுதிச் சொல்லிடறேன்.”

“ஒரு எழுத்த நாங்க தொலைக்கல, வாத்தியாரே, நீங்கதான் சேத்துட்டீங்க!” என்றார் ரெல்ஃப்.

தர்ஸா சிரிக்கவில்லை. ஒரு காம்பை எடுத்து ஒடித்துப் பார்த்தாள். படக்கென்று ஒடிந்தது; பூ உலர்ந்துவிட்டது. பூவை வாரித் தள்ளும் அகலமான மரத்துடுப்பைக் கையில் எடுத்தாள்.

“இன்னொரு தடவ படிங்க சார். நிதானமா.”

அவர் முதல் வரியிலிருந்து தொடங்கினார். அவள் பூவைத் தள்ளத் தள்ள, மஞ்சள் தூசி எழும்பி அவர் சட்டைக் கையிலும் விரித்த காகிதத்திலும் படிந்துகொண்டிருந்தது.