மாம்பலத்து முடிச்சு

ஹில்டாவின் குரல் மூன்றாவது பெஞ்சைத் தாண்டாது. தாம்பரத்துப் பெண்கள் உயர்நிலைப் பள்ளிக்கு அவள் விஞ்ஞான ஆசிரியையாக வந்து ஒன்பது மாதம் ஆகிறது. நான்காவது பெஞ்சிலிருந்து பின்னால் இருப்பவர்கள் இந்த ஒன்பது மாதமும் கரும்பலகையைப் பார்த்தே படித்தார்கள். பி.எஸ்ஸி.யில் முதல் வகுப்பு வாங்கியவள்தான். ஆனால் பஸ்ஸை நிறுத்த 'ஹோல்டான்' சொல்லக் கூச்சப்பட்டு, அடுத்த நிறுத்தத்தில் இறங்கித் திரும்பி நடந்து வருகிற ஜாதி.

அன்று காலையும் புடவை முந்தானையில் ஞாபகத்துக்கு ஒரு முடிச்சுப் போட்டுக்கொண்டு வந்தாள். மூன்று நாளாக அதே முடிச்சு. தலைமையாசிரியை சரோஜினி அம்மாவிடம் ஒரு கேள்வி கேட்க வேண்டும். நீண்ட விடுப்பில் போன ஒருவரின் இடத்தில் ஹில்டா தற்காலிகமாக வந்தவள். அவர் இனி வரமாட்டார் என்கிறார்கள். அப்படியானால் ஜூனில் எனக்கு வேலை உண்டா? இவ்வளவுதான் கேள்வி. மூன்று நாளும் தலைமையாசிரியையின் அறை வாசல்வரை போய், காலிலிருந்த செருப்பைச் சரிசெய்வது போலக் குனிந்து, திரும்பி வந்திருந்தாள்.

எழுபத்திரண்டாம் வருஷத்து எஸ்.எஸ்.எல்.சி. பரீட்சை நடந்துகொண்டிருந்தது. அன்றைக்கு விஞ்ஞானம். தன் பாடத்துப் பரீட்சையில் பாட ஆசிரியைக்கு ஹாலில் வேலை கிடையாது. ஹில்டா ஆய்வகத்தில் சோதனைக் குழாய்களைக் கழுவிக் கவிழ்த்துக்கொண்டிருந்தாள். பதினொன்றுக்குப் பத்து நிமிஷம் இருக்கும்போது ஆயா ரத்தினபாய் மூச்சிரைக்க ஓடி வந்தாள்.

"டீச்சர், சீக்கிரம் வா. ஒன்னோட அனகாபுத்தூர் பொண்ணு மாட்டிக்கிச்சு."

"யாரு, கன்னியம்மாவா?"

"அதான். பிட்டு வச்சிகினு இருந்துச்சாம். பெரிய ஐயா புட்சிட்டாரு. ஆபீஸ்ல நிக்க வச்சிகீறாங்க."

"அவளா? பிட்டா?"

"பேப்பரு கீப்பரு ஒண்ணும் இல்ல டீச்சர். தாவணிலதான் பிட்டு கீதாம். எனுக்கு ஒரு எழவும் புரியல."

ஹில்டாவுக்குப் புரிந்துவிட்டது. கையிலிருந்த குழாயைத் தண்ணீரோடு அப்படியே தாங்கியில் செருகிவிட்டு ஓடினாள்.

கன்னியம்மாள் நெசவுக்காரர் வீட்டுப் பெண். பல்லாவரம்வரை பஸ், பிறகு தாம்பரத்துக்கு ரயில். கணக்கு வரும், கட்டுரை வரும். உலோகங்களின் வரிசை மட்டும் வராது. எந்த உலோகம் அமிலத்திலிருந்து ஹைட்ரஜனை விரட்டும், எது விரட்டாது என்பதற்கு அந்த வரிசைதான் ஆதாரம். பொட்டாசியத்தில் தொடங்கித் தங்கத்தில் முடிகிற பதினான்கு பெயர். ஜனவரியில் ஒருநாள் சாயங்காலம் பெண் அழுதேவிட்டாள்.

"இந்தப் பேருங்க எதுக்கும் மூஞ்சியே இல்ல டீச்சர். ஒண்ணுக்கப்புறம் எதுன்னு எப்டி தெரியும்?"

"ரயில்ல வர்றியே, ஸ்டேஷன் பேரெல்லாம் வரிசையாத் தெரியுமா?"

"எழும்பூர் வரைக்கும் தெரியும். அதுக்கு அந்தாண்ட போனதில்ல."

ஹில்டா விரல் விட்டு எண்ணினாள். தாம்பரத்திலிருந்து எழும்பூர்வரை சரியாகப் பதினான்கு. அவளுக்கே சிரிப்பு வந்தது. தாம்பரத்தில் பொட்டாசியம் ஏறியது. சானடோரியத்தில் சோடியம், குரோம்பேட்டையில் கால்சியம், பல்லாவரத்தில் மக்னீசியம். மீனம்பாக்கத்தில் விமானம் இறங்குவதால் அலுமினியத்துக்கு வேறு இடம் தேட வேண்டியிருக்கவில்லை. மாம்பலத்தில் ஹைட்ரஜன்.

"மாம்பலத்துக்கு முன்னாடி ஏறினவங்க எல்லாம் முரடங்க. ஹைட்ரஜனைப் புடிச்சு வெளிய தள்ளிடுவாங்க. மாம்பலத்துக்கு அப்புறம் ஏறுறவங்க சாது. செம்பு, பாதரசம், வெள்ளி, தங்கம். தள்ள மாட்டாங்க."

அதோடு விட்டிருக்கலாம். ஹில்டா தன் முந்தானையைக் காட்டி, "எனக்கும் மறதி உண்டு. முடிச்சுப் போட்டுப்பேன்" என்றாள். மறுநாள் கன்னியம்மாள் வரும்போது அவள் தாவணித் தலைப்பில் நெசவு முடிந்து தொங்கும் இழைகளில் பொடிப் பொடியாகப் பதினான்கு முடிச்சுகள் இருந்தன. பத்தாவது மட்டும் இரட்டை முடிச்சு. அது மாம்பலம்.

அறைக்குள் சரோஜினி அம்மா தன் நாற்காலியை வந்தவருக்குக் கொடுத்துவிட்டு ஓரத்தில் உட்கார்ந்திருந்தார். வந்தவர் தோத்தாத்ரி. வேறு பள்ளியின் தலைமையாசிரியர். இந்தப் பரீட்சை மையத்துக்கு முதன்மைக் கண்காணிப்பாளர். நெற்றியில் நாமம் கோடு இழுத்தாற்போல் நேராக இருந்தது. அவருக்கு எதிரே கன்னியம்மாள் தலைப்பை இரண்டு கையாலும் மார்போடு பிடித்துக்கொண்டு நின்றாள். எழுதிக்கொண்டிருந்த விடைத்தாள் மேஜைமேல், பேப்பர்வெயிட்டுக்கு அடியில்.

"டீச்சர், நான் இன்னா பண்ணேன்? முடிச்சத் தொட்டுப் பாத்தேன். அவ்ளோதான்" என்றாள் கன்னியம்மாள்.

"நீ பேசாதே" என்றார் தோத்தாத்ரி. பிறகு ஹில்டாவிடம் திரும்பி, ஒரு படிவத்தை நகர்த்தினார். "பாட ஆசிரியை நீங்கதானே? ஆறாவது இனத்துல ஒரு கையெழுத்து. கைப்பற்றியது இன்றைய வினாத்தாளுக்குச் சம்பந்தமுள்ளதுன்னு. அவ்வளவுதான், நீங்க போகலாம்."

ஹில்டா படித்தாள். அந்த வருஷம் புதிதாகத் தமிழில் அச்சான படிவம். நான்காவது இனம்: கைப்பற்றிய நினைவுச் சாதனத்தின் விவரம். ஐந்தாவது: அதை வழங்கியவர். கீழே பொடி எழுத்தில், குற்றம் உறுதியானால் இரண்டு வருஷம் எந்தப் பரீட்சையும் எழுத முடியாது என்று இருந்தது. இரண்டு வருஷம் வீட்டில் உட்கார்ந்த பெண் மறுபடி பள்ளிக்கூடத்துக்கு வருவாளா என்பதைப் படிவம் சொல்லவில்லை.

"இது பிட்டு இல்லை சார்" என்றாள். குரல் மேஜையின் பாதியிலேயே நின்றுவிட்டது.

"என்ன சொன்னேள்?"

"பிட்டு இல்லை சார்."

"பிட்டுன்னு யார் சொன்னா? அந்த வார்த்தையை அரசாங்கத் தாள்ல போட முடியுமோ? நினைவுச் சாதனம். படிவத்தைத் தமிழாக்கின குழுவில நானும் இருந்தேன். இந்தச் சொல்லை எடுத்துக் கொடுத்ததே அடியேன்தான். சாதனம்னா கருவி. நினைவுக்கு உதவற கருவி எதுவானாலும் நினைவுச் சாதனம். இந்த முடிச்சு இவளுக்கு உதவித்தா, இல்லையா?"

ஹில்டாவுக்குப் பொய் வராது. "உதவிச்சு" என்றாள்.

"பின்னே? கையெழுத்துப் போடுங்கோ."

சரோஜினி அம்மா தொண்டையைச் செருமினார். "போட்டுட்டுப் போ ஹில்டா. வெளியூர் ஆளுங்க முன்னாடி பள்ளிக்கூடத்துப் பேரு கெட வேணாம். ஜூன்ல யாரை வச்சுக்கறதுன்னு நானும் நிர்வாகக் கமிட்டிக்கு எழுதணும், பாத்துக்கோ."

மூன்று நாளாகக் கேட்க முடியாத கேள்விக்குப் பதில் தானாக வந்து எதிரில் உட்கார்ந்திருந்தது. ஒரு கையெழுத்து போதும். ஹில்டா பேனா மூடியைக்கூடக் கழற்றிவிட்டாள்.

"ரத்தினபாய், கத்திரிக்கோல் கொண்டா" என்றார் தோத்தாத்ரி. "சாதனத்தைப் படிவத்தோட இணைக்கணும். அந்தத் தலைப்பை மட்டும் வெட்டிண்டா போதும்."

கன்னியம்மாள் சுவரோடு ஒட்டிக்கொண்டாள். "எங்கப்பா தறில நெஞ்சது சார். வெட்டாதீங்க."

"வெட்டிட்டா அந்தப் பொண்ணு கிழிஞ்ச தாவணியப் போட்டுகினு பல்லாவரம் சந்தையத் தாண்டி வூட்டுக்குப் போவணுமா?" ரத்தினபாய் வாசலை விட்டு அசையவில்லை. "கத்திரிக்கோலு காணாம பூட்ச்சு ஐயா. நேத்திலேர்ந்தே காணோம்."

கத்திரிக்கோல் ஜன்னலோரத்தில் எல்லார் கண்ணிலும் படும்படி இருந்தது. ஆயாவுக்கு வந்த தைரியத்தைப் பார்த்து ஹில்டாவுக்கு முகம் சுட்டது. மாதக்கூலி ஆயா அவள். பொய் சொன்னாள் என்று புகார் போனால் அவளுக்கும் வேலை போகும்.

"வெட்ட வேணாம் சார்" என்றாள் ஹில்டா. இந்தத் தடவை குரல் மேஜையைத் தாண்டியது. "நானே விவரமா எழுதிடறேன்."

"அப்படி வாங்கோ."

கன்னியம்மாளின் தலைப்பைக் கையில் வாங்கினாள். "இதைப் படிங்க சார்."

"முடிச்சை எப்படிப் படிக்கறது?"

"ஒரு பிட்டை யார் எடுத்தாலும் படிக்கலாம். இதைப் போட்டவதான் இதைப் படிக்க முடியும். கன்னியம்மா, நான் அவிழ்க்க அவிழ்க்க நீ சொல்லு."

"சாட்சியத்தை அவிழ்க்கக் கூடாது!"

ஹில்டா அவிழ்த்தாள். இழை மெல்லியது, நகத்தால் நெம்ப வேண்டியிருந்தது. கன்னியம்மாள் மூக்கை உறிஞ்சியபடி சொன்னாள்.

"தாம்பரம், பொட்டாசியம். சானடோரியம், சோடியம். குரோம்பேட்டை, கால்சியம்…"

"என்ன இது, ரயில்வே கைடா?" என்றார் தோத்தாத்ரி.

"சைதாப்பேட்டை, காரீயம். மாம்பலம்…" இரட்டை முடிச்சு அவிழ மறுத்தது. ஹில்டா பல்லால் கடித்து இழுத்தாள். "மாம்பலம், ஹைட்ரஜன். கோடம்பாக்கம், செம்பு."

எழும்பூரில் தங்கம் இறங்கியபோது தலைப்பில் ஒரு முடிச்சும் இல்லை. சுருண்டு நெளிந்த இழைகள் மட்டும்.

"முடிச்சு போயிடுச்சு சார். பதினாலும் அவகிட்ட இருக்கு" என்றாள் ஹில்டா. உட்காரச் சொல்லாமலே நாற்காலியை இழுத்துப் போட்டு உட்கார்ந்து எழுதினாள். அச்சடித்தாற்போன்ற ஆய்வகக் கையெழுத்து. எழுதி முடித்து அவர் பக்கம் திருப்பி வைத்தாள்.

தோத்தாத்ரி உரக்கப் படித்தார். "கைப்பற்றிய நினைவுச் சாதனத்தின் விவரம். ஒன்று, தாவணி இழையில் முடிச்சுகள் பதினான்கு. எழுத்தோ எண்ணோ இல்லை. இரண்டு, தாம்பரம் முதல் எழும்பூர் வரை ரயில் நிலையங்கள் பதினான்கு. இவை கைப்பற்றப்படவில்லை." அவர் நிமிர்ந்தார். "என்னது இது?"

"நினைவுக்கு உதவற கருவி எதுவானாலும்னு நீங்கதான் சொன்னீங்க. முடிச்சைவிட ஸ்டேஷன்தான் அதிகம் உதவிச்சு. மேல படிங்க சார்."

"வழங்கியவர்: முடிச்சுக்கு, விஞ்ஞான ஆசிரியை ஹில்டா. நிலையங்களுக்கு, ரயில்வே." தாளைக் கீழே வைத்தார். நாமம் சற்றே சுருங்கியது. "இதுல நான் கையெழுத்துப் போட்டு மேலே அனுப்பினா சிரிப்பா."

"எதைப் பாத்து சார் சிரிப்பாங்க? நான் எழுதினது எல்லாம் நிஜம். ஹால்ல போய்ப் பாருங்க, எத்தனை பேர் விரல் முட்டியை எண்ணி எந்த மாசத்துக்கு முப்பத்தொண்ணுன்னு பாக்கறாங்க. எத்தனை பேர் கழுத்துச் சிலுவையைத் தொட்டுக்கறாங்க. எல்லாம் உங்க சொல்லுக்குள்ள வரும். பிட்டுன்னு எழுதியிருந்தீங்கன்னா இவ ஒருத்தி வெளிய நிக்க வேண்டியிருந்திருக்காது."

இவ்வளவு வார்த்தைகளை ஒரே மூச்சில் ஹில்டா வாழ்நாளில் பேசியதில்லை.

படிவம் எண் இட்டது, கிழிக்க முடியாது. தோத்தாத்ரி சிவப்பு மை தொட்டு, குறுக்கே இரண்டு கோடு இழுத்து 'ரத்து' என்று எழுதினார். பேப்பர்வெயிட்டை நகர்த்தி விடைத்தாளைத் தள்ளினார். "போ. போன நேரம் போனதுதான். கூடுதலா ஒரு நிமிஷம் கிடையாது."

கன்னியம்மாள் தாளைப் பறித்துக்கொண்டு ஓடினாள். முக்கால் மணி போயிருந்தது.

"உங்க பேரை ஞாபகம் வச்சுக்கறேன்" என்றார் தோத்தாத்ரி, பேனாவை மூடியபடி.

"முடிச்சுப் போட்டு வச்சுக்கோங்க சார்."

வாயிலிருந்து வந்துவிட்டது. ரத்தினபாய் வாசலில் நின்று பக்கென்று சிரித்து, இருமல் வந்ததுபோல் நடித்தாள். தோத்தாத்ரி எழுந்து ஹாலைப் பார்க்கப் போனார்.

சரோஜினி அம்மா தன் நாற்காலிக்குத் திரும்பி வந்து, அதன் கைகளைத் துடைத்தார். "இதெல்லாம் உனக்கு எங்கேர்ந்து வந்துச்சு? பூனை மாதிரி இருந்தியே. நாளைக்கு அந்தாளு கமிட்டிகிட்ட என்ன சொல்லுவாரோ. நீ போ முதல்ல."

ஹில்டா வாசல்வரை போனாள். ஜன்னல் வழியாக எதிர்க் கட்டடத்து ஹால் தெரிந்தது. கடைசி வரிசையில் திறந்த கதவோரமாகக் கன்னியம்மாள் குனிந்து எழுதிக்கொண்டிருந்தாள். இடது கை மடியில் கிடந்தது. கட்டைவிரல் மற்ற விரல்களின் கணுக்களை ஒவ்வொன்றாகத் தொட்டுக்கொண்டு போயிற்று.

ஹில்டாவின் கை தானாக முந்தானைக்குப் போனது. முடிச்சு இருந்தது. அவள் திரும்பினாள். செருப்பைச் சரிசெய்யக் குனியவில்லை.

"ஜூன்ல எனக்கு வேலை உண்டா, இல்லையாம்மா?"

"என்னது? இப்பவா? இந்த நேரத்துலயா கேக்கறே?"

"மூணு நாளாக் கேக்கணும்னு இருக்கேன்."

"ஏன் இப்படிக் கத்தறே? வராண்டா முழுக்கக் கேக்கும்."

"கேக்கட்டும்மா."

சரோஜினி அம்மா மேஜையில் எதையோ தேடினார். ஹில்டா அங்கேயே நின்று முந்தானை முடிச்சை அவிழ்த்தாள். கேட்பதற்காகப் போட்ட முடிச்சு, கேட்டாயிற்று. கசங்கிய துணியை உள்ளங்கையால் நீவிவிட்டு, தலைமையாசிரியை தேடுவதை நிறுத்தும்வரை அந்த இடத்தைவிட்டு நகராமல் நின்றாள்.