பிடி, பிடோ

பெங்களூரு ஸ்ரீராமபுரத்துத் தமிழ்ப் பெண் நான். கன்னட சீரியல் ஒன்றில் கதாநாயகிக்குக் குரல் கொடுக்கிறேன். அன்றைய காட்சியில் நாயகன் அவள் மணிக்கட்டைப் பிடித்து இழுத்துக் கட்டாயமாகத் தாலி கட்டுகிறான். அவள் "பிடோ" என்று கத்துகிறாள். விடுடா என்று அர்த்தம்.

"அதைப் 'பிடி'ன்னு மாத்திரும்மா," என்றார் டைரக்டர் வாதிராஜ். விடுங்க என்று அர்த்தம். கன்னடத்தில்தான்; எங்கள் வீட்டுத் தமிழில் பிடி என்றால் பிடிதான்.

"சார், அவ வாய் 'ஓ'ன்னு குவியுது. உதடு ஒட்டாது."

"தாலி ஏறிடுச்சு. இனிமே புருஷன். மரியாதை வேணாமா? கொஞ்சம் நடுக்கம், அடியில கொஞ்சம் ஆசை. இந்த ஜோடின்னா ஜனங்க உசிர விடறாங்க."

ஒன்பது டேக் ஆயிற்று. சவுண்ட் பார்க்கும் மகதேவண்ணா கண்ணாடிக்கு அப்பாலிருந்து, "சீக்கிரம் சொல்லும்மா, இந்நேரம் அவங்களுக்குக் கொழந்தையே பொறந்திருக்கும்," என்றார். பத்தாவது சரியாக வந்தது. எனக்கு ஒன்றும் தோன்றவில்லை.

வெளியே யோகீஷ் பைக்கோடு நின்றிருந்தார். வரும் ஞாயிற்றுக்கிழமை எங்களுக்கு நிச்சயதார்த்தம். அவர் வீட்டில் கன்னடம்தான்.

"ஃபோன் ஏன் எடுக்கல?"

"உள்ள எடுக்க முடியாதுன்னு உங்களுக்குத் தெரியுமே."

"கல்யாணத்துக்கப்புறம் உள்ளயே போகாத. தொல்லையே இல்ல."

மணிக்கட்டைப் பிடித்தார். தினமும் பிடிக்கிற அதே இடம். நான் வளையல் போட்டு மறைக்கிற இடம்.

"பிடி," என்றேன். டப்பிங்கில் பழகிய நடுக்கம் தானாகவே வந்தது.

யோகீஷ் சிரித்தார். "அப்படியே சீரியல்! இன்னொரு தடவ சொல்லு." கை இன்னும் இறுகியது. டீக்கடையில் நின்றவர்களும் சிரித்தார்கள்.

"பிடோ," என்றேன். மைக் சரிபார்க்கிற குரல்.

"என்னடி, ஏகவசனமா? எல்லாரும் பாக்கறாங்க. மரியாதையா 'பிடி'ன்னு சொல்லு, விடறேன்."

"பிடோ. ஞாயித்துக்கெழம வராத."

சிரிப்பு நின்றுவிட்டது. "விட்டுடப்பா, அவ வேணாம்னுதான் சொல்றா," என்றார் டீ ஆற்றிக்கொண்டிருந்தவர். அவன் கையை விட்டான்.

மெட்ரோவில் உட்கார்ந்து, அம்மாவிடம் என்ன சொல்வதென்று யோசிக்கப் பார்த்தேன். எதிர்க் கண்ணாடியில் என் முகம் தெரிந்தது. உதடு இன்னும் குவிந்தே இருந்தது.