தொனாத்தோவின் எடை

என் அப்பா புனித தொனாத்தோவுக்கு வைத்துவிட்டுப் போன கடன் பதினொன்றரைக் கிலோ கோதுமை. அன்றைய விலைக்குப் பதின்மூன்று லீரா. எனக்கு முன் பிறந்த இரண்டும் தங்கவில்லை என்று அந்தப் புனிதரிடம் கேட்டு வாங்கிய பிள்ளை நான். அதனால் அவர் பெயர். மூன்று வயதில் வாயில் நுரை தள்ளி வலிப்பு வந்து விழுந்தேனாம். அம்மா தூக்கிக்கொண்டு ஓடிப்போய், பண்ணையார் செக்கில் ஒலிவக்காய் நிறுக்கிற தராசில் என்னை உட்கார வைத்தாள். பிள்ளை பிழைத்தால் பிள்ளை எடைக்குக் கோதுமை என்று அப்பா வேண்டிக்கொண்டார். பிழைத்தேன். அந்த வருஷம் ஆலங்கட்டி மழை. மறு வருஷம் பண்ணையார் பங்கு போக விதைக்கே இல்லை. அதற்கடுத்த வருஷம் கோதுமை இருந்தது, நாங்கள் தின்றுவிட்டோம்.

வலிப்பு திரும்ப வரவில்லை. கடனும் தீரவில்லை. ஊரில் எல்லோருக்கும் இது தெரியும்.

பெல்ஜியம் சுரங்கத்தில் வேலை முடிந்து, காதில் ஒட்டிய கரி போகாமலே இரவுப் பள்ளியில் உட்கார்ந்து எழுத்துப் படித்தபோது எனக்கு நாற்பது தாண்டிவிட்டது. முதலில் எழுதியது என் பெயரைத்தான். தொனாத்தோ என்றால் கொடுக்கப்பட்டவன் என்றார் வாத்தியார். ரோமர்கள் பேசிய பேச்சிலிருந்து வந்ததாம். கடவுள் கொடுத்த பிள்ளை என்று அந்தக் காலத்துக் கிறிஸ்தவர்கள் ஆசையாக வைப்பார்களாம். அரெத்சோ ஊரில் அந்தப் பெயரில் ஒரு ஆயர் இருந்தார், பூசையில் உடைந்துபோன கண்ணாடிக் கிண்ணத்தைப் பொறுக்கி எடுத்து ஜெபித்து ஒட்டினார், அடியில் ஒரு துண்டு இல்லாமலே திராட்சரசம் ஒழுகாமல் நின்றது என்றும் சொன்னார். வலிப்பு வந்து விழுகிறவர்களை எதற்கு எங்கள் ஊரில் அவரிடம் கூட்டிப்போகிறார்கள் என்று எனக்கு அப்போதுதான் பிடிபட்ட மாதிரி இருந்தது. ஆனால் என்னை விடாமல் பிடித்துக்கொண்டது அந்தக் ‘கொடுக்கப்பட்டவன்’தான். யாருக்குக் கொடுத்தார்கள்? எட்டு வயதில் புகையிலைக் காட்டுக்குக் கொடுத்தார்கள். இருபத்தைந்தில் அரசாங்கம் நிலக்கரியை வாங்கிக்கொண்டு எங்களைப் பெல்ஜியத்துக்குக் கொடுத்தது. இதற்கு மேல் புனிதருக்கு வேறு கொடுக்கணுமா என்று இருந்துவிட்டேன். கோபமெல்லாம் இல்லை. அலுப்பு.

இப்போது என் மகன் ஒரோன்சோவுக்கு ஆண் குழந்தை பிறந்திருக்கிறது. மூத்த மகனுக்கு அப்பாவைப் பெற்றவர் பெயரை வைப்பது எங்கள் வழக்கம். அதை முட்டுக் கொடுப்பது என்போம், சாயப் பார்க்கிற சுவருக்குக் கட்டை முட்டுக் கொடுக்கிற மாதிரி. என் மகனுக்கு இருப்பது என் அப்பா பெயர். அவன் மகனுக்கு என் பெயர் வரவேண்டும். வேறு எதையும் நான் சேர்த்து வைக்கவில்லை, நெஞ்சில் இருக்கிற கரித்தூசியைத் தவிர.

ஞாயிற்றுக்கிழமை ஞானஸ்நானம். புதன்கிழமை சாப்பாட்டு மேசையில் என் மருமகள் வீத்தா ஆரம்பித்தாள்.

“மாமா, தப்பா நெனச்சுக்காதீங்க. கடன் இருக்குற பேர எம்புள்ளைக்கு வைக்க மாட்டேன்.”

“கடன் என்னுதும்மா. பேரு என்ன பண்ணுச்சு?”

“நாளைக்கு இவன் விழுந்தா அந்தச் சாமிகிட்ட எந்த மூஞ்சிய வச்சுகிட்டுப் போய் நிப்பேன்? எங்கப்பா பேரு சும்மாதான் இருக்கு. இப்பாத்சியோ.”

என் மனைவி கொன்சீலியா கரண்டியை மேசையில் போட்டாள். “இப்பாத்சியோவா? அது குடலிறக்கத்துக்கு வேண்டிக்கிற சாமியில்ல? வலிப்புக்குப் பயந்து புள்ளைய அங்கயா அனுப்பப் போற?”

ஒரோன்சோ ரொட்டியைப் பிய்த்துக்கொண்டே இருந்தான். இரண்டு பெண்களுக்கு நடுவில் வாய் திறப்பது எங்கள் குடும்பத்து ஆண்களுக்குப் பழக்கமில்லை.

“சரி, கட்டிடுறேன்,” என்றேன். எனக்கு இருமல் வந்தது. பேச்சு அதோடு நின்றது.

சனிக்கிழமை மாவு மில்லில் எழுபத்தெட்டுக் கிலோ கோதுமை இரண்டு மூட்டையாக வாங்கி, ஒரோன்சோவின் வண்டியில் கோவிலுக்குக் கொண்டுபோனோம். புனிதரின் சிலைக்குப் பக்கத்தில், உத்தரத்திலிருந்து அந்தப் பெரிய தராசு தொங்குகிறது. ஒரு பக்கம் உட்காரும் பலகை, மறுபக்கம் கோதுமைக்குத் தட்டு. கோவிலைப் பார்த்துக்கொள்கிற கிழவர் பாந்தலேயோ மூட்டைகளைப் பார்த்துச் சிரித்தார்.

“பதினொன்னரைன்னுதானேடா உங்கம்மா சொல்லுவா? சாமி எப்பலேர்ந்து வட்டி வாங்குறாரு?”

“புள்ளை எடைக்குன்னுதானே வேண்டிகிட்டது?” என்றாள் வீத்தா, குழந்தையைத் தோளில் மாற்றிப் போட்டுக்கொண்டு. “புள்ளை இதோ நிக்குது. நிறுங்க.”

“புள்ளைக்குப் பாதிப் பல்லக் காணோமேம்மா,” என்றார் கிழவர்.

பலகையில் உட்கார்ந்தேன். ஒரோன்சோ மரக்காலால் அள்ளி அள்ளித் தட்டில் கொட்டினான். எழுபத்தெட்டு என்பது நானாகச் சொன்ன கணக்கில்லை. சுரங்கத்தில் இறங்குவதற்கு முன்னால், சட்டையைக் கழற்றச் சொல்லி, பல்லைப் பார்த்து, நிறுத்து, சுரங்க டாக்டர் எழுதிக்கொண்ட எடை. அதற்கப்புறம் நான் தராசு ஏறவில்லை. ஆள் அப்படியேதான் இருக்கிறேன் என்று நினைத்திருந்தேன்.

முதல் மூட்டை தீர்ந்தது. இரண்டாவதில் நாலு மரக்கால்கூடப் போகவில்லை, என் செருப்பு தரையை விட்டுவிட்டது. ஒரோன்சோவின் கை அப்படியே நின்றது. கொன்சீலியா மீதி மூட்டையைப் பார்த்தாள், பிறகு முகத்தைச் சிலைப் பக்கம் திருப்பிக்கொண்டாள்.

“எங்கேடா மிச்ச ஆளு?” என்றார் பாந்தலேயோ. இந்தத் தடவை சிரிக்கவில்லை.

“பெல்ஜியத்துல தேடிப் பாரு.”

அவர் சிலுவை போட்டுக்கொண்டார். “சரி. கடன் தீந்துச்சு. எறங்கு.”

“இருப்பா, எறங்குறேன்.”

இறங்கத் தோன்றவில்லை. எட்டு வயதிலிருந்து நானே தூக்கிக்கொண்டு திரிந்த உடம்பு. இப்போது ஒரு தட்டுக் கோதுமை அதைப் பிடித்துக்கொண்டு நிற்கிறது. முழங்காலில் வலி இல்லை. ஆடிக்கொண்டிருந்தேன். யாரும் அவசரப்படுத்தவில்லை.

வீத்தா கிட்டே வந்தாள். குழந்தையை என் மடியில் வைத்தாள். பலகை சரசரவென்று இறங்கியது. செருப்பு மறுபடி தரையில் முட்டியது.

“இவனுக்கும் போடுங்க,” என்றாள் தன் புருஷனிடம், மீதி மூட்டையைக் காட்டி. “இப்பவே குடுத்துடுவோம். பின்னால பாக்கின்னு எதுவும் வேணாம்.”

“யாரு பேருலன்னு சொல்லணுமேம்மா,” என்றார் பாந்தலேயோ.

அவள் குனிந்து குழந்தையின் தொப்பி நாடாவை இறுக்கினாள். “தொனாத்தோ.”

ஒரோன்சோ கொட்டினான். சிந்திய மணிகள் கல்தரையில் தெறித்து என் காலடிக்கு உருண்டு வந்தன. ஒரு மரக்கால், அதற்கு மேல் கையால் ஒரு பிடி, இன்னொரு பிடி. உத்தரம் முனகியது. குழந்தை கண்ணைத் திறக்கவில்லை. முதலில் என் குதிகால் எழும்பியது, பிறகு விரல்கள். உருண்டு வந்த மணிகளுக்கு மேலே, ஒன்றையும் மிதிக்காமல், என் செருப்புகள் ஆடிக்கொண்டிருந்தன.