கால் முந்திப் பிறந்தவள்

வாய்க்கரிசி போடக் கூப்பிட்டார்கள். பிரேமலா எழுந்திருக்கவில்லை. காலையிலிருந்து அந்தப் பாயை விட்டு அவள் அசையவில்லை. எதிரே பெட்டிக்குள் அவள் கணவன் சுகுமாரன்.

அவனுடைய அக்கா உஷாராணி குனிந்தாள்.

"கழுத்து சுளுக்குன்னு சொன்னானாமே. நீ கால் வைக்கலியா?"

தாயின் வயிற்றிலிருந்து கால் முந்தி வந்தவர்கள் காலால் நீவினால் சுளுக்கு விட்டுவிடும். மலேசியாவின் அசாம் ஜாவா ஊரில் அப்படிப் பிறந்தவள் பிரேமலாதான். சுளுக்கு எடுத்துக்கொள்ள லோரி ஓட்டுபவர்கள் வருவார்கள். பக்கத்து வீட்டு மலாய்க்காரியும் வருவாள்.

சுகுமாரன் எண்ணெய்க்கான செம்பனைத் தோட்டத்தில் குலை வெட்டுபவன். முந்தாநாள் பகலெல்லாம் அண்ணாந்து வெட்டிவிட்டு, கழுத்தைப் பிடித்தபடி வீட்டுக்கு வந்தான்.

"புருசன் கழுத்துல கால் வைக்கிறதாவது."

"ஊரையே ஒதைக்கிற. எனக்கு மட்டும் என்ன லா வெக்கம்?"

தரையில் படுத்தான். அவள் குதிகாலால் அழுத்தி மூன்று தடவை நீவினாள். "விட்டுருச்சி" என்று சிரித்தான். மறுநாள் பல் விளக்கப் போனவன் கோணலாக நடந்தான். வாய் குழறியது.

ஆஸ்பத்திரியில் சின்ன வயது டாக்டர் தன் கழுத்தைத் தொட்டுக் காட்டினார்.

"மூளைக்கு ரத்தம் போற குழாய், அக்கா. உள்பக்கம் கிழிஞ்சிருக்கு. அங்க ரத்தம் கட்டி, மேல போயி அடைச்சிருச்சி."

"சுளுக்கு இல்லியா?"

"சுளுக்கு மாதிரிதான் வலிக்கும்."

"கால் பட்டா கிழியுமா?"

டாக்டர் கழுத்திலிருந்து கையை எடுத்தார்.

"முன்னாடியே கிழிஞ்சிருக்கலாம். அழுத்துனதுல கிழிஞ்சிருக்கலாம். யாராலயும் சொல்ல முடியாதுக்கா."

அன்று மாலையே மூச்சு நின்றது.

"ஒன்னத்தான் கேக்குறேன். வச்சியா, இல்லியா?" என்று பெட்டியருகே மறுபடி கேட்டாள் உஷாராணி.

"இல்ல அண்ணி."

"ஊருக்கெல்லாம் வச்சியே, கட்டுனவனுக்கு வைக்க முடியலியா? வச்சிருந்தா எந்திரிச்சி ஒக்காந்திருப்பானேடி!"

பெண்கள் திரும்பிப் பார்த்தார்கள். யாரும் மறுத்துப் பேசவில்லை. பிரேமலாவும்தான்.

பெட்டியை மூட ஆண்கள் வந்தார்கள். அவள் எழ முயன்றாள். கால்கள் மரத்திருந்தன. மறுபடி உட்கார்ந்துவிட்டாள்.

"நீட்டு, தேய்ச்சி விடுறேன்" என்று எதிர் வீட்டுத் தங்கமணி பாதத்தைப் பிடிக்க வந்தாள்.

பிரேமலா இரண்டு கால்களையும் சேலைக்குள் இழுத்துக்கொண்டாள்.