ஃபிரேமுக்கு வெளியே ஃபஹ்மிதா

1994 மழைக்காலத்தில் புனேயின் கஸ்பா பேட்டையில் இடித்துத் தள்ளிய ஒரு வாடாவின் தேக்குப் படிக்கட்டு, அன்று மாலையே சிஞ்ச்வட்டில் ஜாபர் சாதிக்கின் இரண்டாம் மாடி ஃபிளாட்டுக்கு வந்து சேர்ந்தது. டெம்போவில் ஏற்றியிருந்தால் வாய்க்கு வந்த கூலி கேட்டிருப்பார்கள். தானாக வந்ததால் செலவில்லை. மேலப்பாளையத்திலிருந்து வந்து புனே கேம்ப் பகுதியில் துணிக்கடை போட்ட குடும்பம் ஜாபருடையது. கடையை அண்ணனிடம் விட்டுவிட்டு, வாடா என்கிற, முற்றம் வைத்த அந்தப் பழைய மராத்தி வீடுகளை ஆவணப்படமாக எடுத்துக்கொண்டிருந்தார். அவர் எடுத்த வாடா எது இடிபட்டாலும், ஃபிலிமில் பதிந்த பாகம் அவர் வீட்டுக்கு வந்துவிடும். பதியாத பாகம் பில்டருக்கு. நியாயமான பங்கீடுதான்.

நாராயண் பேட்டைக் கிணறு வந்தபோது குடியிருப்புச் சொசைட்டி செயலாளர் லக்ஷ்மிநாராயணன் படியேறி வந்தார்.

"செகண்ட் ஃப்ளோர்ல கிணறா பாய்? இதுக்கு மெயின்டனன்ஸ் தனியாப் போடணுமே!"

"தண்ணிய எல்லாரும் எடுத்துக்கிடுங்க. சரியாப் போச்சு."

டேங்கர் லாரிக்கு அழுதுகொண்டிருந்த சொசைட்டி அது. மறுநாள் செயலாளரே முதல் வாளியோடு நின்றார். கீழ்வீட்டுக் கூரையில் ஈரம்கூடத் தெரியவில்லை.

மனைவி ஃபஹ்மிதாதான் ஜாபரின் மொத்த யூனிட்டும். ஒவ்வொரு ஷாட்டுக்கும் முன்பு ஃபோகஸ் பார்க்க அவளைத்தான் முற்றத்தில் நிறுத்துவார். வெளிச்சம் அவள் முகத்தில் சரியாக விழுந்ததும், "தள்ளிக்கோ ஃபஹ்மி" என்பார். அவள் நகர்ந்த பிறகே காமிரா ஓடும்.

"என்னையும் ஒரு தடவ எடுங்களேன் மச்சான்."

"நீ என்ன இடிஞ்சா போகப் போற? ஃபிலிம் விக்கிற விலையில!"

"வியாபாரி வீட்டுப் புள்ளன்னு காட்டிட்டீங்க" என்று சிரித்தாள்.

2003இல் டெங்குக் காய்ச்சல் அவளைக் கொண்டுபோனது. அன்று மாலை ஜாபர் கதவைத் திறந்தே வைத்திருந்தார். யாரும் வரவில்லை. நாற்பதாம் நாள் பாத்திஹா முடிந்ததும் ஒவ்வொரு ஃபிலிம் டப்பாவாகத் திறந்து பார்த்தார். எல்லா முற்றத்திலும் அவள் முகத்துக்கு என்று அளந்த வெளிச்சம் விழுந்துகொண்டிருந்தது, முகம்தான் இல்லை. கட்டிலுக்கு அடியில், கழுவ மறந்த ரோல் ஒன்று கிடைத்தது. கழுவாத ஃபிலிமில் இருப்பது கணக்கில் சேராது போலும். மும்பை லேபில் அதைக் கழுவிய அன்று மாலை ஃபஹ்மிதா வந்தாள்.

என்றோ ஜாபரின் விரல் அவசரப்பட்டிருக்கிறது. அவள் நகர்ந்து முடிப்பதற்குள் காமிராவும் ஒலிப்பதிவு டேப்பும் ஓடியிருக்கின்றன. கிணற்றடியிலிருந்து எழுந்து, முந்தானையைத் தலையில் இழுத்துவிட்டுக்கொண்டு, "தள்ளிக்கிட்டேன் மச்சான், ஓட்டுங்க" என்றபடி நடந்தாள். சமையலறை வாசலோடு மறைந்தாள். மறுநாளும் அவ்வளவுதான். "தள்ளிக்காத, நில்லு ஃபஹ்மி" என்று குறுக்கே நின்று பார்த்தார் ஜாபர். தூணைச் சுற்றிக்கொண்டு போவதுபோல் அவரைச் சுற்றிக்கொண்டு போனாள்.

பிறகு அவர் சமையலறை வாசலில் ஒரு நாற்காலி போட்டுக்கொண்டார். அவருடைய வாடாப் படங்களுக்கு விருது கிடைத்தபோது, மாலையில் வர இயலாது என்று எழுதிவிட்டார், தபாலில் அனுப்பினார்கள். கிணற்றில் தண்ணீர் எடுக்க வருகிறவர்களுக்கும் வேளை பழகிவிட்டது. "தள்ளிக்கோங்கோ, அம்மா வர நேரம்" என்பார் லக்ஷ்மிநாராயணன். எல்லாரும் வாளியோடு சுவரோரம் ஒதுங்குவார்கள். ஜாபர் மட்டும் காலை மடக்கிக்கொண்டு அங்கேயே உட்கார்ந்திருப்பார். முந்தானை உரசும் தூரத்தில் அவள் போவாள்.