சாமான்கள் குடியிருந்த அறை

1

இந்தக் கதை ஓர் அறிக்கையின் முப்பத்தெட்டாம் பக்கத்தில் பிறந்தது. அந்த அறிக்கையை எழுதியவன் நான். எங்கள் நகரத்தில் சினிமா, விளம்பரம், இசை, நாடகம், பொம்மலாட்டம் என்று கலையை நம்பிப் பிழைப்பவர்கள் எத்தனை பேர், எங்கே வேலை செய்கிறார்கள், அவர்களால் ஊருக்கு என்ன ஆதாயம் என்று மாநகராட்சி கேட்டது. நான் வேலை பார்க்கும் ஆய்வு நிறுவனம் ஒன்றரை வருடம் அலைந்து திரிந்து இருநூற்றுப் பன்னிரண்டு பக்கத்தில் பதில் சொன்னது. அதில் இருநூற்றுப் பதினொரு பக்கத்தை யாரும் படிக்கவில்லை.

மீதி ஒரு பக்கத்தால் என் அண்ணியின் அறை போயிற்று.

(பத்தியின் முடிவில் இப்படி ஒரு தட்டு தட்டுவது என் பழக்கம். இந்தக் கதையில் குற்றவாளியே அந்தப் பழக்கம்தான் என்பதால் அந்த வரியை அடிக்காமல் விட்டுவைக்கிறேன்.)

2

வேறு ஆரம்பங்களும் எழுதிப் பார்த்தேன்.

'அண்ணி நடந்தால் இன்னொருத்தி நடப்பதுபோல் கேட்கும்.' அழகாகத்தான் இருக்கிறது. ஆனால் படிப்பவர் இது பேய்க்கதை என்று நினைத்துவிடுவார்.

'படைப்புத் தொழிலாளர் என்பவர் யார்? இக்கேள்விக்கு விடை காணும் முன்' — இது அறிக்கையின் நடை. கை தானாகவே அந்தப் பக்கம் போய்விடுகிறது.

'அண்ணி, நான் செய்தது' — இதை முடிக்கவில்லை. இந்த வாக்கியத்தை முடிக்கத் தெரிந்திருந்தால் நான் ஏன் கதை எழுத உட்காருகிறேன்?

சரி, நேராகவே சொல்கிறேன். அண்ணி எஃபெக்ட்ஸ் வேலை செய்பவர். படத்தில் கதாநாயகி மாடியேறும்போது டக் டக் என்று கேட்கிறதே, அது அவள் காலிலிருந்து வந்ததல்ல. படம்பிடிக்கும்போது பதிவாகும் சத்தம் பெரும்பாலும் உதவாது. பிறகு ஓர் அறையில் திரையைப் பார்த்தபடி வேறொருவர் நடப்பார், அதைப் பதிவு செய்து படத்தோடு சேர்ப்பார்கள். அந்த வேறொருவர் என் அண்ணி. இருபத்திரண்டு வருடமாக மற்றவர்களுக்காக நடந்தவர்.

அவருடைய அறை ஒரு பழைய நூல் கிடங்கின் இரண்டாம் மாடியில் இருந்தது. கிடங்கு மாநகராட்சிக்குச் சொந்தம். நாற்பத்தொரு அறைகளையும் குறைந்த வாடகைக்கு இப்படிப்பட்டவர்களுக்கு விட்டிருந்தார்கள். அண்ணியின் அறையில் மட்டும் ஐந்து வகைத் தரை: சிமென்ட், பலகை, ஓடு, ஒரு தட்டு நிறைய ஜல்லி, ஒரு தட்டு நிறைய மணல். ஓரத்தில் சட்டம் அடித்து நிறுத்திய ஒரு கதவு, திறந்தால் சுவர். சாக்குகளில் அறுபத்து மூன்று ஜோடிச் செருப்பும் ஷூவும், ஒவ்வொன்றிலும் ஒரு சீட்டு. 'வக்கீல்'. 'வேலையை விட்டுவிட்டு வீட்டுக்கு வருபவர்'. 'பொய் சொல்லப்போகிற மாப்பிள்ளை'.

அந்த மாப்பிள்ளைச் செருப்பு என் கல்யாணத்துக்கு வாங்கியது. அண்ணி கேட்டு வாங்கிக்கொண்டார். "நீ லேசா இழுத்து நடக்கறவன் தம்பி. உனக்கு எப்பவும் இடது செருப்புதான் முதல்ல தேயும். ஆயிரம் பேர் நடந்தாலும் நீ வர்றது எனக்குத் தெரிஞ்சிடும்" என்றார். அப்போது அதைப் பாராட்டு என்று எடுத்துக்கொண்டேன்.

3

(இந்தப் பகுதி கொஞ்சம் கட்டுரை மாதிரி இருக்கும். பொறுத்துக்கொள்ளுங்கள், இது இல்லாமல் என் தப்பு புரியாது.)

கணக்கெடுப்பு தொடங்கிய முதல் மாதமே சிக்கல். யாரைக் கேட்டாலும் டைரக்டர் என்றார்கள். டீ கொண்டுவந்தவரைக் கேட்டால் அவரிடமும் ஒரு கதை இருந்தது. எங்கள் மேலாளர் சலித்துப்போய், இப்படியே போனால் ஊரில் பாதிப் பேர் கலைஞர், மீதிப் பேர் முன்னாள் கலைஞர் என்று எழுதவேண்டியதுதான் என்றார்.

அப்போது நான்தான் ஒரு யோசனை சொன்னேன். நீங்கள் யார் என்று கேட்கவே வேண்டாம். கடந்த ஏழு நாட்களில் எந்த வேலையை அதிக நேரம் செய்தீர்கள் என்று மட்டும் கேட்போம். எது வருகிறதோ அதுதான் அவர் தொழில். மேலாளர் எழுந்துவந்து என் முதுகில் தட்டிக்கொடுத்தார். 'ஏழு நாள் விதி' என்று அதற்குப் பெயரே வைத்துவிட்டார்கள்.

ஆனால் இந்தத் தொழில்களில் வேலை ஒழுங்காக வாராவாரம் வருவதில்லை. ஒரு மாதம் ஈ ஓட்டவேண்டும். அப்புறம் ஒரு படம் வரும், பத்து நாள் வீட்டுப் பக்கமே தலைகாட்ட முடியாது. நடுவில் வயிறு சும்மா இருக்குமா? வயலின்காரர் ட்யூஷன் எடுப்பார், லைட்மேன் வாடகை வண்டி ஓட்டுவார். அதனால் அவர்கள் தொழிலை விட்டுவிட்டார்கள் என்று அர்த்தமல்ல. அந்த இன்னொரு வேலைதான் இந்தத் தொழிலுக்குச் சோறு போடுகிறது. ஊருக்குப் பாட்டும் படமும் இவ்வளவு மலிவாகக் கிடைக்கிறதென்றால், யாரோ ஒருவர் இன்னொரு வேலை பார்த்து அதைத் தாங்கிக்கொண்டிருக்கிறார்.

இதெல்லாம் எனக்குத் தெரியாதா? அண்ணி கையால் சாப்பிட்டு வளர்ந்தவன் நான். தெரிந்துதான் அந்த விதியைச் செய்தேன். விதி கச்சிதமாக இருந்தது, அதில் மயங்கிவிட்டேன்.

4

கிடங்கில் இருந்தவர்கள் எல்லோரும் பட்டியலில் வந்தார்கள். பட்டியலில் நம் உறவினர் பெயர் வந்தால் வேறு ஆளை அனுப்பவேண்டும் என்பது நடைமுறை. ஒரு நாள் மிச்சமாகுமே என்று நானே போனேன். அண்ணி வீட்டுச் சமையலறையில், அவர் வெங்காயம் உரித்துக்கொண்டிருக்க, படிவத்தை மடியில் வைத்துக்கொண்டு கேள்வி கேட்டேன்.

அந்த மாதம் அவருக்குப் படம் இல்லை. ஒரு கம்பெனியில் போன் எடுத்து, வாடிக்கையாளர்கள் திட்டுவதைக் கேட்டுக்கொள்ளும் வேலை பார்த்தார். திட்டுகிறவர் நின்று திட்டுகிறாரா, நடந்துகொண்டே திட்டுகிறாரா, எந்தத் தரையில் நடக்கிறார் என்றெல்லாம் தனக்குத் தெரிகிறது என்று சொல்லிச் சிரித்தார். அதற்குப் படிவத்தில் கட்டம் இல்லை என்று நானும் சிரித்தேன்.

ஏழு நாள் கேள்வி வந்தது.

"போன மாசம் வந்து கேட்டிருக்கக் கூடாதா? பதினோரு நாள் ரூமை விட்டு வெளியவே வரலை" என்றார்.

நான் பேனாவைப் பிடித்தபடி இருந்தேன்.

"நீ என்ன போடணுமோ போட்டுக்கோ தம்பி. உனக்குத் தெரியாததா?"

இந்த இடத்தில்தான் கதை வேறு பக்கம் திரும்பியிருக்க வேண்டும். எத்தனை முறை எழுதினாலும் இங்கே வந்து என் கை நிற்கிறது. கதை என்னுடையது, நினைத்தால் மாற்றலாம். ஆனால் அன்றைக்கு நான் சொன்னது இதுதான்:

"உள்ளதைச் சொல்லுங்க அண்ணி. விதி எல்லாருக்கும் ஒண்ணுதானே."

அவர் என்னை ஒரு நிமிடம் பார்த்தார். கண்ணில் தண்ணீர் இருந்தது. அது வெங்காயத்தால்தான், அதை நான் சோகமாக்கப்போவதில்லை. "அப்ப போன் வேலைன்னே போடு" என்றார். போட்டேன்.*

* கிடங்கில் அண்ணிக்குப் பக்கத்து அறைப் பொம்மலாட்டக்காரரை அதே வாரம் கேட்டேன். அந்த ஏழு நாளும் அவர் மார்க்கெட்டில் மூட்டை இறக்கிக்கொண்டிருந்தது எனக்குத் தெரியும். ஏழு நாளும் பொம்மைதான் சார் என்று கண்ணைக்கூடச் சிமிட்டாமல் சொன்னார். அவர் எனக்கு உறவில்லை, அதனால் மறுபேச்சுப் பேசாமல் எழுதிக்கொண்டேன்.

5

விதிப்படி கணக்குப் போட்டதில் இருபத்தாறு அறைகளில் படைப்புத் தொழில் நடந்தது. பதினைந்தில் நடக்கவில்லை. இதை எழுத ஒரு வரி போதும். ஆனால் ஒன்றரை வருடமாக 'மேற்கண்ட அட்டவணையின்படி' என்றே எழுதி எழுதி எனக்கு நாக்குச் செத்துப்போயிருந்தது. ஒரே ஒரு நல்ல வாக்கியமாவது எழுதிவிடவேண்டும் என்று ஆசை. ஒருமுறை பூட்டியிருந்த அண்ணியின் அறையை ஜன்னல் வழியாகப் பார்த்தது நினைவுக்கு வந்தது. சாக்கு, செருப்பு, கல், சுவரைப் பார்த்த கதவு. எழுதினேன்:

'மீதிப் பதினைந்து அறைகளில் மனிதர்கள் இல்லை; சாமான்கள்தான் குடியிருக்கின்றன.'

எழுதிவிட்டு இரண்டு தடவை வாய்விட்டுப் படித்துப் பார்த்தேன். அன்று எனக்கு அவ்வளவு சந்தோஷமாக இருந்தது.

நான் இதுவரை பதினேழு கதை எழுதியிருக்கிறேன். ஒன்றிலிருந்தும் ஒரு வரியை யாரும் எடுத்துச் சொன்னதில்லை. இந்த வாக்கியத்தை மாநகராட்சி ஆணையர் ஒரு கூட்டத்தில் சொன்னார், செய்தித்தாள் தலைப்பில் போட்டது. கிடங்கை இடித்துவிட்டுக் கண்ணாடி வைத்த படைப்பு மையம் கட்டுவது என்று முடிவாயிற்று. அதில் இருபத்தாறு பேருக்கு இடம். மீதிப் பதினைந்து பேருக்கு, சாமான்களை எடுத்துக்கொள்ள இருபது நாள் அவகாசம்.

6

அறையைக் காலி செய்த அன்று நானும் சாக்குத் தூக்கினேன். ஜல்லியைக் கிடங்கு வாசலிலேயே கொட்டிவிட்டோம். கதவை எடுத்துப்போக இடமில்லை. அண்ணன் வீட்டுக் கட்டிலுக்கு அடியில் பதினோரு ஜோடிதான் கொண்டது. மற்றதை அண்ணி ஒவ்வொன்றாகச் சீட்டைப் பிய்த்துவிட்டு, வேண்டியவர்கள் எடுத்துக்கொள்ளட்டும் என்று சுவரோரம் வரிசையாக வைத்தார். வக்கீலை ஒரு காவல்காரர் போட்டுக்கொண்டு போனார்.

அண்ணி என்னைத் திட்டவில்லை. வண்டி கிளம்பும்போது ஒன்று மட்டும் கேட்டார்.

"பேப்பர்ல வந்துச்சே, சாமான்கள் குடியிருக்குன்னு. அது நீ எழுதினதா தம்பி?"

"இல்ல அண்ணி. அதெல்லாம் கமிட்டி எழுதறது."

"நல்லா இருக்கு" என்று சொல்லிவிட்டு வண்டியில் ஏறிக்கொண்டார்.

அதற்குப் பிறகு எட்டு மாதமாக நான் அண்ணன் வீட்டுக்குப் போகவில்லை. இப்போது அண்ணி வாரம் ஆறு நாளும் போன்தான் எடுக்கிறார். இரண்டு படம் வந்ததாம், நடக்க இடமில்லை என்று திருப்பி அனுப்பிவிட்டாராம். விதி இப்போது சரியாகிவிட்டது. எந்த ஏழு நாளைக் கேட்டாலும் ஒரே பதில்தான்.

7

முடிவுகள். மூன்று எழுதி வைத்திருக்கிறேன்.

(அ) நான் மேலாளரிடம் உண்மையைச் சொல்கிறேன். திருத்தம் வெளியிடுகிறார்கள். மையத்தில் அண்ணிக்கு ஓர் அறை. — நம்புவீர்களா? அறிக்கை அச்சாகிவிட்டால் எழுத்துப்பிழையைக்கூடத் திருத்தமாட்டார்கள்.

(ஆ) அண்ணி போன் வேலையில் மேலே வந்து, பழையதை மறந்து நிம்மதியாக இருக்கிறார். — இதில் பாதி உண்மை. அவரைச் சூப்பர்வைசர் ஆக்கிவிட்டார்கள். மற்ற பாதி என் மனச்சாட்சிக்காக நான் சேர்த்தது.

(இ) நான் வேலையை விட்டுவிடுகிறேன். — விடவில்லை. இப்போது வேறு ஊருக்கு இதே மாதிரி ஓர் அறிக்கை. ஏழு நாள் விதியையும் கூடவே கேட்டு வாங்கியிருக்கிறார்கள்.

8

ஒன்றை மறைத்துவிட்டேன். அண்ணன் வீட்டுக்குப் போகவில்லை என்றேன் அல்லவா? நான்கு தடவை போனேன். அவர்கள் இருப்பது முதல் மாடி, பன்னிரண்டு படிகள். ஒவ்வொரு தடவையும் மூன்றாவது படி வரை ஏறி, அந்த வாக்கியத்தை எழுதியவன் நான்தான் என்று எப்படித் தொடங்குவது என்று யோசித்து, திரும்பி வந்துவிட்டேன். யாரும் பார்க்கவில்லை. அதனால்தான் கதையில் சேர்க்கவில்லை.

நேற்று அண்ணன் போன் செய்தான். மற்றதெல்லாம் பேசி முடித்துவிட்டு, வைக்கப்போகும்போது சொன்னான்.

"ஏன்டா, வீடு வரைக்கும் வந்துட்டுத் திரும்பிப் போறியாமே. நாலு தடவையாம்."

யார் சொன்னது என்று கேட்டேன்.

"உங்க அண்ணிதான். மூணாவது படியில நின்னுட்டுப் போயிடறியாம். ஒவ்வொரு தடவையும் இவ கையில இருக்கற வேலையைப் போட்டுட்டு, கதவைத் திறந்து வெச்சுட்டு நின்னிருக்கா. கூப்பிட வேண்டாம், அவனா வரட்டும்னா." பிறகு சொன்னான்: "அந்த இடது செருப்பு ரொம்பத் தேஞ்சுபோச்சாம். படியில வழுக்கிடும், மாத்திக்கச் சொன்னா."

போனை வைத்துவிட்டு அழுதேன். இதை வேறு எப்படியும் எழுதத் தெரியவில்லை.

9

இப்போது புரிகிறது. இந்தக் கதையே நான் ஐந்தாவது தடவை திரும்பி வந்ததுதான். நேரில் சொல்லவேண்டியதை உங்களிடம் சொல்லிவிட்டு, சொல்லியாயிற்று என்று வீட்டுக்குப் போய்விடலாம் என்று பார்த்தேன். எழுதிக்கொண்டிருக்கும்வரை ஏறவேண்டியதில்லை. நல்ல வாக்கியம் ஒன்று மாட்டினால் போதும், எனக்கு மனசு ஆறிவிடும்.

அதனால் இதற்கு நான் முடிவு எழுதப்போவதில்லை. மேலே போய் அவரிடம் என்ன சொன்னேன், அவர் என்ன சொன்னார் என்பதை உங்கள் இஷ்டம்போல் வைத்துக்கொள்ளுங்கள். கதவு திறந்திருந்தது என்றோ சாத்தியிருந்தது என்றோ. ஒன்றே ஒன்று: உங்கள் முடிவில் அண்ணி என்ன வேலை செய்பவர் என்று யாராவது கேட்டால், கடந்த ஏழு நாளைப் பார்க்காதீர்கள்.

இதை அண்ணன் வீட்டு மாடிப்படிக்குக் கீழே உட்கார்ந்து, காகிதத்தை முழங்காலில் வைத்து எழுதுகிறேன். இனி மடித்துச் சட்டைப்பையில் வைத்துவிடுவேன். செருப்பை மாற்றவில்லை. புதுச் செருப்பென்றால் வேறு யாரோ என்று நினைத்துக்கொள்வார்.